ஏற்காட்டுக்கு எந்தப் புத்தகம்? ஜான் சாவேஜை எங்கிருந்து தொடங்குவது

கோடை விழாக் கூட்டம் மலையை விட்டு இறங்கிய பிறகு ஒரு சனி, ஞாயிறு ஏற்காட்டில் தங்கி ஒரே புத்தகத்தைக் கூடிப் படிப்பது என்று சேலத்தில் எங்கள் வாசிப்புக் குழு முடிவு செய்திருக்கிறது. எழுத்தாளரும் முடிவாகிவிட்டார்: ஆங்கிலப் பத்திரிகையாளர் ஜான் சாவேஜ். அவருடைய புத்தகங்களில் எது என்பதில்தான் இழுபறி. குழுவில் பொறியியல் மாணவர்கள் இருக்கிறார்கள். ஓய்வு பெற்ற தமிழாசிரியர், அம்மாப்பேட்டையில் தறி வைத்திருப்பவர், பறை கற்றுக்கொடுப்பவர், சிற்றிதழ் நடத்திக் கடன்பட்டவர் என்று மற்ற வகையினரும் உண்டு. ஆங்கிலம் எல்லோருக்கும் படிக்க வரும். வேகமாகப் படிக்க வரும் என்று சொல்ல முடியாது. ராக் இசை என்றாலே காதைப் பொத்திக்கொள்பவர்களும் இருக்கிறார்கள். ஆகவே அவர் எழுதியவற்றில் எது சிறந்தது என்ற கேள்வி இங்கே உதவாது. இரண்டே நாளில், இந்த மனிதர்கள் நடுவில், எது பேச்சைக் கிளப்பும் என்று பார்க்க வேண்டும். என் ஓட்டு எதற்கு என்று காரணத்தோடு எழுதுகிறேன். மறுப்பவர்கள் பஸ் ஏறுவதற்குள் மறுத்துவிடுங்கள்.

சாவேஜை அறியாதவர்களுக்காகக் கொஞ்சம். 1953-ல் லண்டனில் பிறந்தவர், கேம்பிரிட்ஜில் படித்தவர். 1976 இறுதியில், முரட்டுத்தனமும் எதிர்ப்பும் நிறைந்த ராக் வகையான பங்க் இசை கிளம்பிய சூட்டில், வெட்டி ஒட்டி ஜெராக்ஸ் எடுத்து 'லண்டன்ஸ் அவுட்ரேஜ்' என்ற சிறு இதழைத் தானே கொண்டுவந்தார். அடுத்த ஆண்டிலிருந்து 'சவுண்ட்ஸ்' வார இதழில் எழுதினார். பிறகு 'மெலடி மேக்கர்', 'தி ஃபேஸ்'. 1978 தொடக்கத்தில் லிண்டர் ஸ்டெர்லிங் என்ற ஓவியரோடு சேர்ந்து, பத்திரிகைப் படங்களைக் கத்தரித்து ஒட்டிய படைப்புகள் மட்டுமே கொண்ட ஓர் இதழையும் வெளியிட்டார். பாட்டைப் பற்றிச் சொல்லும்போதே அந்த ஆண்டின் வேலையின்மை, வீட்டு வாடகை, கடைத்தெருவில் விற்ற சட்டை, செய்தித்தாளின் தலைப்பு எல்லாவற்றையும் இழுத்துவந்துவிடுவது அவர் எழுத்தின் குணம். நம்மிடம் இசை பற்றிய எழுத்து பெரும்பாலும் இரண்டு வகைதான்: ராக இலக்கணம், இல்லையென்றால் இசையமைப்பாளர் துதி. இடையில் இருக்கும் பெரிய வெற்றிடத்தில் என்ன செய்யலாம் என்பதற்கு இவர் நல்ல பாடம். அதற்காகத்தான் இவரைத் தேர்ந்தெடுத்தோம்.

யாரைக் கேட்டாலும் முதலில் சொல்வது 'இங்லண்ட்ஸ் ட்ரீமிங்' (1991). செக்ஸ் பிஸ்டல்ஸ் குழுவின் வரலாறு, அதன் வழியாகப் பங்க் இயக்கத்தின் வரலாறு. ஆனால் பாட்டு தொடங்குவதற்கு வெகு முன்பே, லண்டன் கிங்ஸ் ரோட்டில் 430-ஆம் எண்ணில் இருந்த ஒரு துணிக்கடையில் கதை தொடங்கிவிடுகிறது. மால்கம் மெக்லாரனும் விவியன் வெஸ்ட்வுட்டும் 1971 முதல் நடத்திய கடை அது. சில ஆண்டுக்கு ஒருமுறை பெயர்ப்பலகையையும் சரக்கையும் ஒருசேர மாற்றினார்கள். ஒவ்வொரு மாற்றத்துக்கும் புதிதாக ஒரு கோபக்காரக் கூட்டம் வந்து சேர்ந்தது. அந்தக் கூட்டத்திலிருந்துதான் குழு பிறந்தது. சேலம் குகைப் பகுதியில் ஆடித் திருவிழாவின் வண்டி வேடிக்கைக்கு வேடம் கட்டும் பையன்களிடம், உடுப்பு ஒரு மனிதனை எப்படி வேறொருவனாக்குகிறது என்று விளக்க வேண்டியதில்லை. சாவேஜ் முதல் நூறு பக்கங்களில் சொல்வது கிட்டத்தட்ட அதைத்தான்.

சிற்றிதழ்க்காரர்களுக்கு இந்தப் புத்தகத்தில் தனி விருந்தும் உண்டு. குழுவின் இசைத்தட்டு உறைகளையும் சுவரொட்டிகளையும் வடிவமைத்த ஜேமி ரீட், அதற்கு முன் லண்டனுக்குத் தெற்கே குராய்டனில் 'சபர்பன் பிரஸ்' என்ற உள்ளூர் அரசியல் இதழை அச்சிட்டுப் பழகியவர். காசில்லாத அச்சகத்தில் கற்றுக்கொண்ட கைத்தந்திரம்தான் பிறகு உலகம் முழுக்கப் பரவியது: செய்தித்தாள் எழுத்துகளைத் துண்டுதுண்டாக வெட்டி, கடத்தல்காரனின் மிரட்டல் கடிதம் மாதிரி ஒட்டுவது. 1968 மே மாதப் பாரிஸ் கிளர்ச்சி, அதற்குப் பின்னணியாக நின்ற, கலையையும் புரட்சி அரசியலையும் கலந்த சிச்சுவேஷனிஸ்ட் குழுவினரின் சிந்தனை, லண்டன் கலைக் கல்லூரிகள் எல்லாம் எப்படி ஒரு பாப் பாட்டுக்குள் வந்து விழுந்தன என்று சாவேஜ் நூல் பிடித்துக் காட்டுவதைப் போல வேறு யாரும் காட்டி நான் படித்ததில்லை.

நிகழ்ச்சிகளின் வேகம் திரைக்கதையை மிஞ்சும். 1975 நவம்பர் 6 அன்று செயின்ட் மார்ட்டின்ஸ் கலைக் கல்லூரியில் முதல் மேடை. 1976 டிசம்பர் 1 அன்று மாலைத் தொலைக்காட்சியில் நேரலையில் கெட்ட வார்த்தை; மறுநாள் நாடே கொதித்தது. அடுத்த மாதம் இஎம்ஐ என்ற இசைத்தட்டு நிறுவனம் குழுவைக் கைகழுவியது. மார்ச் மாதம் பக்கிங்ஹாம் அரண்மனை வாசலில் ஏ அண்ட் எம் நிறுவனத்தோடு கையெழுத்து; ஒரு வாரம் தாங்கவில்லை. பிறகு வர்ஜின் நிறுவனம். ராணியின் வெள்ளி விழா ஆண்டான 1977-ல் வந்த 'காட் சேவ் தி குவீன்' பாட்டைப் பிபிசி ஒலிபரப்ப மறுத்தும் அது விற்பனைப் பட்டியலில் இரண்டாம் இடத்துக்கு ஏறியது. 1978 ஜனவரியில் சான் பிரான்சிஸ்கோ மேடையில் எல்லாம் முடிந்தது. இந்தக் கதையோட்டத்தின் நடுவே, சாவேஜ் அந்த நாட்களில் எழுதிய நாட்குறிப்புப் பத்திகளும் அப்படியே வருகின்றன. பதினைந்து ஆண்டு கழித்து எழுதும் வரலாற்றாசிரியனும் அன்றிரவு வியர்வையோடு வீடு திரும்பிய இளைஞனும் ஒரே பக்கத்தில் நிற்கிறார்கள்.

இவ்வளவு சொன்ன பிறகும் ஏற்காட்டுக்கு இதை எடுத்துப் போகக் கூடாது என்பதே என் கருத்து. ஐந்நூறு பக்கத்துக்கு மேல். 1976-ல் பிரிட்டன் சர்வதேச நிதியத்திடம் கடனுக்குப் போய் நின்றது, தொழிற்கட்சி அரசின் தள்ளாட்டம், தாட்சரின் எழுச்சி இதெல்லாம் வாசகருக்குத் தெரியும் என்று எடுத்துக்கொண்டு எழுதுகிறார். பெயர்கள் சாரை சாரையாக வருகின்றன. அதைவிட முக்கியம், புத்தகம் பேசும் இசைத்தட்டுகள் நூற்றுக்கணக்கில். கேட்காமல் படித்தால் பாதி விளங்காது, கேட்டுக்கொண்டே படித்தால் ஆறு மாதம் ஆகும். சேலத்தில் ஞாயிறுதோறும் கொஞ்சம் கொஞ்சமாகப் படிக்க ஏற்றது. இரண்டு நாளில் விழுங்கினால் செரிக்காது.

தமிழாசிரியர் ஐயா முன்மொழிவது 'டீனேஜ்' (2007). அவர் தேர்வில் நியாயம் இருக்கிறது. ராக் இசை பிறப்பதற்கு முன்பே முடிந்துவிடும் புத்தகம் அது. 1875-ல் தொடங்கி 1945-ல் நிற்கிறது. இளைஞர் என்ற தனிக் கூட்டம் எப்படி உருவானது, அதை யார் யார் தங்கள் வசமாக்கப் பார்த்தார்கள் என்பதே பொருள். நாட்குறிப்பு எழுதிப் புகழுக்கு ஏங்கிய மேரி பாஷ்கிர்ட்செஃப் என்ற ரஷ்யப் பெண்ணையும், பாஸ்டனில் குழந்தைகளைக் கொன்ற ஜெஸ்ஸி பாமராய் என்ற சிறுவனையும் அடுத்தடுத்து நிறுத்தித் தொடங்குவதே துணிச்சல். பிறகு 1904-ல் விடலைப் பருவத்தைப் பற்றி ஸ்டான்லி ஹால் எழுதிய பெரிய ஆய்வு, சாரணர் இயக்கம், முதல் உலகப் போரில் மடிந்த தலைமுறை, ஜாஸ் கால அமெரிக்கப் பெண்கள் என்று விரிகிறது.

அதில் ஜெர்மனி பற்றிய பகுதிகள் தனியாக எடுத்துப் படிக்கத் தக்கவை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கிதாரைத் தோளில் மாட்டிக்கொண்டு மலையும் காடும் சுற்றிப் பாடித் திரிந்தவர்கள் வாண்டர்ஃபோகல் இளைஞர்கள். 1933-க்குப் பிறகு நாஜி அரசு அத்தகைய குழுக்களைக் கலைத்து, பாட்டையும் கூடார வாழ்க்கையையும் மட்டும் எடுத்துக்கொண்டு ஹிட்லர் இளைஞர் படைக்குள் எல்லோரையும் அடைத்தது. அதற்கு அடங்காமல் ஹாம்பர்க்கில் தடைசெய்யப்பட்ட ஸ்விங் என்ற ஜாஸ் வகை இசைக்கு ஆடிய பிள்ளைகளும் இருந்தார்கள். கொலோன் பக்கம் 'எடல்வைஸ் பைரட்ஸ்' என்ற பெயரில் திரிந்த தொழிலாளர் வீட்டுப் பிள்ளைகளும் இருந்தார்கள். 1944 நவம்பரில் கொலோனில் பொது இடத்தில் தூக்கிலிடப்பட்ட பதின்மூன்று பேரில் சிலர் இந்த விடலைகள். 1965 மொழிப் போராட்டத்தில் மாணவர்களாக இருந்தவர்கள் எங்கள் குழுவில் இருக்கிறார்கள். அவர்கள் முன்னால் இந்த அத்தியாயங்களை வைத்தால் பேச்சு நள்ளிரவைத் தாண்டும். அதில் சந்தேகமே இல்லை.

என் தயக்கம் வேறு. 'டீனேஜ்' நூலகத்தில் உட்கார்ந்து எழுதிய புத்தகம். தகவல் குவியல் அபாரம், ஆனால் சாவேஜ் நேரில் கண்டவர்கள் யாரும் இல்லை. பத்திரிகையாளரைப் படிக்கிறோம் என்று சொல்லிவிட்டு அவரது வரலாற்றாசிரிய முகத்தை மட்டும் பார்த்துத் திரும்பினால் பாதிப் பயணம்தான். எழுபது ஆண்டு, நாலைந்து நாடு என்று தாவும்போது அத்தியாயத்துக்கு அத்தியாயம் ஆட்களும் மாறிவிடுகிறார்கள். யாரோடும் நெருங்கிப் பழக முடிவதில்லை. தனியாகப் படிப்பவருக்கு, குறிப்பாக ராக் பிடிக்காதவருக்கு, சாவேஜுக்குள் நுழைய இதுவே நல்ல வாசல். குழுவுக்கு இரண்டாவது இடம் தருவேன்.

'1966' (2015) பற்றி அதிகம் சொல்ல வேண்டாம். ஆண்டின் பன்னிரண்டு மாதத்துக்குப் பன்னிரண்டு அத்தியாயம். ஒவ்வொன்றும் அந்த மாதத்தில் ஒலித்த சிறிய இசைத்தட்டுகளிலிருந்து கிளம்பி அணுகுண்டு அச்சம், வியட்நாம், எல்எஸ்டி போதைப்பொருள், பெண்களின் நிலை, கறுப்பின மக்களின் உரிமை என்று போகிறது. கட்டமைப்பு அழகு. ஆனால் பாட்டைத் தெரிந்தவருக்கே அந்த அழகு தெரியும். நமக்கு 1966 என்றால் ரூபாய் மதிப்புக் குறைப்பு, அரிசித் தட்டுப்பாடு. ஓவியம் அறிந்தவர்களுக்குச் சென்னைக் கடற்கரையில் சோழமண்டலம் பிறந்த ஆண்டு. அதே மாதிரி, மாதத்துக்கு ஓர் அத்தியாயமாக, தமிழ்நாட்டின் 1966-ஐ யாராவது எழுதினால் நான் முன்பணம் கட்டி வாங்குவேன். அது வரும் வரை இது காத்திருக்கட்டும்.

மாணவர்களில் இருவர் கேட்பது 'தி சீக்ரெட் பப்ளிக்' (2024). லிண்டரோடு செய்த பழைய இதழின் பெயரையே மீண்டும் எடுத்திருக்கிறார். லிட்டில் ரிச்சர்டு பாடி ஊரை உலுக்கிய 1955-லிருந்து டிஸ்கோ உச்சத்தில் இருந்த 1979 வரை, தன்பாலீர்ப்பாளர்களும் திருநரும் பாப் பண்பாட்டை எப்படி உருவாக்கினார்கள் என்பது பொருள். இங்கிலாந்தில் ஆண்களின் தன்பாலுறவு ஓரளவுக்காவது குற்றமற்றதானது 1967-ல். நம் உச்ச நீதிமன்றம் 377-ஆம் பிரிவின் பிடியைத் தளர்த்தியது 2018 செப்டம்பரில். பேச வேண்டிய புத்தகம்தான். ஆனால் பருமன் மிரட்டுகிறது. இதற்குப் பின்னாலும் நீண்ட பாட்டுப் பட்டியல் நிற்கிறது. பொருளும், இரண்டு நாள் அவசரத்தில் மேலோட்டமாகத் தொட்டுவிட்டு வரக்கூடியதல்ல. கிங்க்ஸ் குழு பற்றி 1984-ல் எழுதிய நூலையும், பத்திரிகைக் கட்டுரைகளின் தொகுப்பான 'டைம் டிராவல்' (1996) நூலையும் போட்டியிலேயே சேர்க்கவில்லை. முன்னது அந்தக் குழுவின் ரசிகர்களுக்கு. பின்னது, ஏற்கெனவே சாவேஜைப் பிடித்துப்போனவர்களுக்கு.

மீதம் இருப்பது 'திஸ் சியரிங் லைட், தி சன் அண்ட் எவ்ரிதிங் எல்ஸ்' (2019). என் ஓட்டு இதற்குத்தான்.

ஜாய் டிவிஷன் என்ற நால்வர் குழுவின் கதை. மான்செஸ்டர், அதை ஒட்டிய சால்ஃபர்டு, மெக்கல்ஸ்ஃபீல்டு. பாடகர் இயன் கர்ட்டிஸ் 1980 மே 18 அன்று இருபத்து மூன்று வயதில் தற்கொலை செய்துகொண்டார். அமெரிக்கப் பயணம் தொடங்கவிருந்த நேரம். முழு நீள இசைத்தொகுப்புகள் இரண்டுதான்: 1979-ல் 'அன்னோன் ப்ளெஷர்ஸ்', மரணத்துக்குப் பிறகு 1980 ஜூலையில் 'க்ளோசர்'. இரண்டையும் சேர்த்துக் கேட்க ஒன்றரை மணி நேரம் போதும். என் கணக்கின் அச்சாணி இந்த ஒன்றரை மணி நேரம்தான். இசையே தெரியாத வாசகரும் வெள்ளிக்கிழமை இரவு ஹெட்போனை மாட்டிக்கொண்டால் சனிக்கிழமை காலை மற்றவர்களுக்குச் சமமாக வந்து உட்காரலாம். சாவேஜின் வேறெந்தப் பெரிய புத்தகமும் இந்தச் சமத்துவத்தைத் தராது.

அடுத்தது, புத்தகத்தின் உருவம். இதில் சாவேஜ் கதை சொல்வதில்லை. குழுவில் எஞ்சிய பெர்னார்ட் சம்னர், பீட்டர் ஹூக், ஸ்டீபன் மோரிஸ், இயனின் மனைவி டெபோரா கர்ட்டிஸ், அவர்களுடைய பாட்டை வெளியிட்ட ஃபேக்டரி ரெக்கார்ட்ஸ் நிறுவனத்தை நடத்திய டோனி வில்சன், உறை வடிவமைத்த பீட்டர் சாவில் என்று பலர் பேசிக்கொண்டே போகிறார்கள். பேச்சுத் துண்டுகளை வரிசைப்படுத்தியது மட்டும் சாவேஜின் வேலை. மட்டும் என்று எழுதிவிட்டேன். ஒருவர் முடித்த இடத்தில் இன்னொருவர் மறுப்பதும், அந்த மறுப்பைத் தீர்த்துவைக்காமல் சாவேஜ் விட்டுவிடுவதும் இந்தப் புத்தகத்தின் பெரிய கலை. வாக்கியங்கள் பேச்சு ஆங்கிலத்தில் இருப்பதால் மெதுவாகப் படிப்பவரும் மூச்சு வாங்க மாட்டார். பக்கமும் முந்நூற்றுச் சொச்சம்தான்.

ஆளுக்கொரு குரலை எடுத்துக்கொண்டு உரக்கப் படிக்கலாம் என்பது இதனால் கிடைக்கும் கூடுதல் வசதி. சேலம் மாவட்டத்தில் கூத்து பார்த்து வளர்ந்தவர்களுக்கு இதில் கூச்சம் இருக்காது. கூத்தும் சிற்றிதழும் ஒரே முற்றத்தில் புழங்க முடியும் என்பதை மேட்டூர்ப் பக்கத்து 'மணல்வீடு' இதழ் காட்டியே இருக்கிறது.

ஊர் என்ற விஷயமும் இருக்கிறது. புத்தகத்தின் தொடக்கப் பக்கங்களில் பாட்டு குறைவு, நகரம் அதிகம். பஞ்சாலைகளால் எழுந்து, அவை ஓய்ந்தபின் வெறிச்சோடிய நகரம். வரிசை வீடுகளை இடித்துவிட்டு அடுக்குமாடிக்கு மாற்றப்பட்ட குடும்பங்கள். தறிச் சத்தம் தெருத்தெருவாக அடங்குவதை அறிந்த அம்மாப்பேட்டைக்காரர் இந்தப் பக்கங்களைப் படித்துவிட்டு என்ன சொல்வார் என்று கேட்க எனக்கு ஆவல். அந்த நகரத்தில், லண்டனுக்குப் போகாமலே பாட்டு வெளியிடலாம் என்று 1978-ல் கிளம்பியது ஃபேக்டரி. தலைநகரை நம்பாத இந்தப் பிடிவாதம் சேலத்துக்குப் புதிதா என்ன? 1930களில் டி. ஆர். சுந்தரம் இங்கே மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டுடியோவை நிறுவினார். நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் அங்கிருந்து வந்தன; 1956-ல் வந்த 'அலிபாபாவும் 40 திருடர்களும்' தமிழின் முதல் வண்ணப்படம். ஏற்காட்டுச் சாலையில் எஞ்சி நிற்கும் அதன் முகப்பு வளைவைத் தாண்டித்தான் நம் பஸ் மலையேறப் போகிறது.

பத்திரிகையாளர் சாவேஜும் இதில்தான் நெருக்கமாகக் கிடைக்கிறார். 1979-ல் அவரே மான்செஸ்டருக்குக் குடிபோனவர்; டோனி வில்சன் வேலை செய்த அதே கிரனாடா தொலைக்காட்சியில் பணி. முதல் தொகுப்பு வந்தபோது 'மெலடி மேக்கர்' இதழில் மதிப்புரை எழுதியதும் அவர்தான். நாற்பது ஆண்டு கழித்து, தன் குரலை அடக்கிக்கொண்டு மற்றவர்களைப் பேசவிட்டிருக்கிறார். இன்னொரு வசதியும் உண்டு: 1976 ஜூன் 4 அன்று மான்செஸ்டரில் செக்ஸ் பிஸ்டல்ஸ் வாசித்தபோது அரங்கில் இருந்த சிறு கூட்டத்தில் சம்னரும் ஹூக்கும் இருந்தார்கள். அந்த இரவுதான் அவர்களைக் குழு தொடங்க வைத்தது. ஆகவே இதைப் படித்துவிட்டுச் சேலம் திரும்பினால் 'இங்லண்ட்ஸ் ட்ரீமிங்' புத்தகத்துக்குள் நுழைய நமக்கே ஒரு கதவு திறந்திருக்கும்.

டி-ஷர்ட் விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். கறுப்புத் துணியில் வெள்ளை அலைக்கோடுகள் மலைத்தொடர் போல அடுக்கிய படத்தைப் பார்க்காதவர்கள் குறைவு. அது 'அன்னோன் ப்ளெஷர்ஸ்' முகப்புப் படம். 1967-ல் ஜோசலின் பெல் கண்டறிந்த முதல் துடிப்பு விண்மீனின் ரேடியோ அலைகளைப் பதிவு செய்த வரைபடம். ஒரு வானியல் கலைக்களஞ்சியத்தில் இருந்ததைப் பார்த்துச் சம்னர் எடுத்துக்கொடுத்தார், சாவில் அதைக் கறுப்பின் நடுவே சிறிதாக வைத்தார். முகப்பில் குழுவின் பெயர்கூடக் கிடையாது. கலை, அறிவியல், சந்தை மூன்றும் ஒரு பனியனில் வந்து நிற்கும் இந்தக் கதையை வைத்து மாணவர்களே ஒரு மணி நேரம் பேசலாம்.

எதிர்வாதங்கள் இரண்டு, இரண்டும் வலுவானவை. குழுவின் பெயர் ஒரு நாவலிலிருந்து வந்தது. நாஜி முகாமில் பெண்களை அடைத்து வைத்த பகுதியைக் குறிப்பது. அதிர்ச்சிக்காக அந்தக் காலக் குறியீடுகளோடு விளையாடிய பங்க் தலைமுறையின் பொறுப்பின்மையைக் கவிதையாக்கிப் பேச எனக்கு விருப்பமில்லை. 'டீனேஜ்' நூலின் ஜெர்மன் அத்தியாயம் ஒன்றைச் சனிக்கிழமை மாலை சேர்த்துப் படித்தால் இந்தப் பெயரை இன்னும் நேர்மையாக விசாரிக்கலாம்.

இன்னொன்று தற்கொலை. கர்ட்டிஸ், மாற்றுத்திறனாளிகளுக்கு வேலை தேடித்தரும் அரசு அலுவலகத்தில் வேலை பார்த்தவர். அங்கே வந்த ஒரு வலிப்பு நோயாளிப் பெண்ணை நினைத்துப் பாட்டு எழுதியவருக்கே பிறகு வலிப்பு நோய் என்று தெரிந்தது. மருந்துகள், மண வாழ்க்கைச் சிக்கல், ஓயாத பயணம் எல்லாம் சேர்ந்தன. அந்த மரணத்தைச் சுற்றி ரசிகர்கள் ஒளிவட்டம் கட்டிவிட்டார்கள். புத்தகம் அப்படிக் கட்டவில்லை என்பதே நான் இதைத் துணிந்து சொல்லக் காரணம். கூட இருந்தவர்கள், கண்ணெதிரே நடந்ததைக் கவனிக்கத் தவறியதைத் திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள். இருந்தாலும் இருபது வயதுப் பிள்ளைகள் நடுவில் படிக்கிறோம். கடைசிப் பகுதியை இரவில் வைக்காமல் ஞாயிறு காலையில் வைத்துக்கொள்வோம். படிக்க விரும்பாதவர் எழுந்து போகலாம் என்று முதலிலேயே சொல்லிவிடுவோம். மாநில அரசின் 104 உதவி எண்ணை நிகழ்ச்சித் தாளில் அச்சிடுவோம்.

இதை ஏற்றுக்கொண்டால் வேலைகள் எளிது. ஆளுக்கொரு பிரதி தேவையில்லை. நாலு பேருக்கு ஒன்று போதும். முழுப் புத்தகத்தையும் ஜெராக்ஸ் போடும் யோசனை வேண்டவே வேண்டாம். மலையில் சிக்னலை நம்ப முடியாது, ஆகவே இரண்டு தொகுப்புகளையும் சேலத்திலேயே போனில் இறக்கிக்கொள்ளுங்கள். பெரிய ஸ்பீக்கரைப் பறை ஆசிரியர் கொண்டுவருவதாகச் சொல்லியிருக்கிறார். பெரும்பான்மை 'டீனேஜ்' பக்கம் சாய்ந்தால் நான் முரண்டு பிடிக்க மாட்டேன், ஜெர்மன் அத்தியாயங்களை மட்டும் படிப்போம் என்ற நிபந்தனையோடு.

குரல்களைப் பங்கிடுவது பாக்கி. டோனி வில்சன் நிறையப் பேசுவார், அதிலும் தத்துவமாகப் பேசுவார். அதற்குத் தமிழாசிரியர் ஐயாவை விட்டால் ஆள் இல்லை. பீட்டர் ஹூக்குக்கு வாய்த் துடுக்கு அதிகம் என்பதால் மாணவர்களில் மூவர் போட்டியிடுகிறார்கள். சீட்டுக் குலுக்கிப் போடுவோம்.